வெறும் கேமரா ஓடிய ஒன்பது நாள்

ஜீவராணி எனக்கு மூன்று லட்சத்து நாற்பதாயிரம் ரூபா கடன்பட்டிருந்தாள். ஒரு ஜெனரேட்டர், ஆறு பெரிய லைட், வயர், லொறி, கூடவே என் ஆள் ஒருவன். நாளொன்றுக்குப் பதினேழாயிரம் வீதம் இருபது நாள் வாடகை. ஒரு சதம் முன்பணம் வாங்காமல் கொடுத்தேன். ஹட்டனில் என்னைத் தெரிந்தவர்கள் இதை நம்பமாட்டார்கள். முன்பணம் இல்லாமல் பழனியாண்டி ஒரு பல்பைக்கூட வெளியே அனுப்பமாட்டான் என்பது இந்த டவுனில் எல்லோருக்கும் தெரிந்த சங்கதி.

முதலில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நான் யார் என்று தெரிந்தால்தான், என்னையே வாயடைக்க வைத்தவள் எப்பேர்ப்பட்டவள் என்று உங்களுக்குப் பிடிபடும். நான் படித்தது மூன்றாம் வகுப்பு. பதினாலு வயதில் தேயிலைத் தோட்டத்தை விட்டு இறங்கி ஹட்டன் கடையொன்றில் மாவு மூட்டை சுமந்தேன். சேர்த்த காசில் இரண்டு குழாய் ஸ்பீக்கர் வாங்கினேன். ஒன்றைத் தலையிலும் ஒன்றைத் தோளிலும் வைத்துக்கொண்டு தோட்டம் தோட்டமாக நடந்தேன். இன்றைக்கு என்னிடம் நாலு லொறியும் ஏழு ஜெனரேட்டரும் இருக்கின்றன. கினிகத்தேனையிலிருந்து உடப்புசல்லாவை வரைக்கும் என் லைட் எரியாத திருவிழா ஒன்றைக் காட்டுங்கள் பார்ப்போம். யாரும் எனக்குத் தொழில் சொல்லித் தரவில்லை. வயரைத் தொட்டு, அடி வாங்கி, எழுந்து நின்று கற்றுக்கொண்டவன். பெரிய பெரிய ஆட்கள் என் மேடையில் நின்று பேசியிருக்கிறார்கள். அவர்களில் ஒருவரைப் பார்த்தும் நான் அசந்ததில்லை. இந்தப் பிள்ளையைப் பார்த்து அசந்தேன்.

ஜீவராணியின் அம்மா தோட்டத்தில் கொழுந்து எடுத்தவர், அப்பா தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டினவர். சாதாரண தரப் பரீட்சை பாஸ் பண்ணிய கையோடு ஹட்டனில் ஒரு ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்தாள். இரண்டு வருஷம் பாஸ்போட் படத்தை வெட்டும் வேலை. அப்புறம் கல்யாண வீடியோவைக் கம்ப்யூட்டரில் வெட்டி ஒட்டும் வேலை. அதற்கும் அப்புறம் கேமராவைத் தூக்கிக்கொண்டு அவளே போக ஆரம்பித்தாள். கல்யாணம், சடங்கு, புதுமனை, செத்த வீடு. டுபாயிலும் கட்டாரிலும் வேலை செய்கிற பிள்ளைகள் வரமுடியாதல்லவா, அவர்களுக்கு அனுப்புவதற்காக இப்போது செத்த வீட்டையும் வீடியோ எடுக்கிறார்கள். இப்படிப் பதினொரு வருஷம்.

மற்றவர்கள் வெட்டி எறிகிற துண்டுகளை அவள் எறியவில்லை. மாப்பிள்ளை சிரித்து முடித்த பிறகு முகம் இறங்குகிற இரண்டு நொடி. செத்த வீட்டில் மாரில் அடித்துக்கொண்டு அழுதவள், கேமரா அந்தப் பக்கம் திரும்பியதும், வந்தவங்களுக்குத் தேத்தண்ணி ஊத்தியாச்சா என்று கேட்பது. இந்த மாதிரி ஆயிரக்கணக்கான துண்டுகளை ஊர் வாரியாகப் பிரித்து வைத்திருந்தாள். ராத்திரிச் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டு, அந்தக் காசில் இதையெல்லாம் போட்டு வைக்கிற பெட்டி வாங்குவாளாம். அவள் படித்த சினிமாப் பள்ளிக்கூடம் அதுதான்.

அந்தப் படிப்பை வைத்துக்கொண்டு தன் ஃபோனிலேயே பன்னிரண்டு நிமிஷப் படம் ஒன்று எடுத்தாள். லயத்து வரிசை வீடுகளின் பைப்பில் தண்ணீர் வருகிறதா என்று குடத்தோடு காத்திருக்கிற பெண்கள், அவ்வளவுதான் கதை. அதைக் கொழும்பில் ஒரு போட்டிக்கு அனுப்ப, ஏதோ ஓர் அமைப்பு ஒரு முழுப்படம் எடுக்க ஒன்பது லட்சம் தருவதாகச் சொன்னது. ஒன்பது லட்சம் கேட்கப் பெரிய தொகை. கேமரா வாடகையும் சாப்பாடும் ஆட்கூலியும் போக அதில் லைட்டுக்கு ஒன்றும் மிஞ்சவில்லை. அதனால்தான் என் கடைக்கு வந்தாள்.

முன்பணம் இல்லை என்றதும் நான் எழுந்துகொண்டேன். அவள் உட்கார்ந்தபடியே ஃபோனை என் மேசையில் வைத்தாள். ஓடியது என் சின்ன மகன் கல்யாணத்தில் எடுத்த ஒரு துண்டு. ஆயிரத்து இருநூறு பேர் சாப்பிட்ட கல்யாணம் அது, ஹட்டனில் அதற்கு முன்னும் பின்னும் அப்படி ஒன்று நடக்கவில்லை. அந்தக் கல்யாணத்தில் மண்டபத்துக்குப் பின்னால், சாமான் அறையில், பட்டு வேட்டியோடு ஓர் அரிசி மூட்டையில் நான் உட்கார்ந்திருக்கிறேன். சுவரைப் பார்த்துத் திரும்பி, தட்டை இடது கையால் அணைத்துக்கொண்டு, அவசர அவசரமாகச் சாப்பிடுகிறேன். கடைசியில் விரலால் தட்டை வழித்து நக்குகிறேன். லயத்து ஒற்றைக் காம்பராவில் ஏழு பிள்ளைகளோடு வளர்ந்தவன் சாப்பிடுகிற விதம். நாற்பத்தைந்து வருஷமாகச் சபையில் நான் அப்படிச் சாப்பிட்டதில்லை. என் பெண்டாட்டிகூட என்னை அப்படிப் பார்த்ததில்லை.

எனக்குக் காது சுட்டது. இதை யார் யாருக்குக் காட்டினாய் என்று கேட்டேன்.

"யாருக்கும் இல்லீங்க மொதலாளி. ரெண்டு வருசமா நான் மட்டுந்தான் பாக்குறேன். மனசு விழுந்துட்டா இதத்தான் போட்டுப் பாப்பேன். இப்பிடி ஒண்ணு என் படத்துல வந்துட்டா போதும்னு."

சொல்லிவிட்டு அந்தத் துண்டை என் கண் முன்னாலேயே அழித்தாள். இன்னொரு பிரதி இருந்த, கம்ப்யூட்டரில் செருகுகிற சின்னக் குச்சியை, இது உங்களுடையது என்று என் கையில் கொடுத்தாள். மிரட்ட வந்தவள் அப்படிச் செய்வாளா? அதைக் காசுப்பெட்டிக்குள் போட்டேன். ஏன் சரி என்று சொன்னேன் என்பது எனக்கே அன்றைக்கு விளங்கவில்லை. ஒரே ஒரு நிபந்தனை போட்டேன், வாரத்துக்கு ஒரு தடவை கையில் ஏதாவது வைக்க வேண்டும். தலையாட்டினாள்.

படப்பிடிப்பு ஹட்டனிலிருந்து ஒரு மணி நேரம் ஏறவேண்டிய ஒரு தோட்டத்தில். பெயர் வேண்டாம், தோட்டத்துத் துரை வாய்வார்த்தையாகத்தான் அனுமதி தந்தார். நடிக்க வந்தவர்கள் பதினாறு பெண்கள். வேலையிலிருந்து விலகி, ஞாயிற்றுக்கிழமைகளில் கைக்காசுக்குக் கொழுந்து எடுக்கிறவர்கள். அவர்களில் மீனம்மா என்பவள்தான் படத்தின் கதாநாயகி. வயது ஐம்பத்தெட்டு, முன்பல் ஒன்று கிடையாது.

கதை சின்னது. தோட்டத்தில் ஒருநாள் வேலைக்கு ஒரு பேர் என்பார்கள். நிறை குறைந்தால் அரைப் பேர்தான். நிறையில் சாக்குக்கு இவ்வளவு, இலையில் ஒட்டின தண்ணிக்கு இவ்வளவு என்று கழித்துக் கழித்து ஒருத்திக்கு நாலைந்து நாள் அரைப் பேர் விழுகிறது. சம்பள நாளில் காசு குறைகிறது. அதை வாங்கிக்கொண்டு நிற்கிறாள். அங்கே படம் முடிகிறது. இதிலே சண்டை இல்லை, பாட்டு இல்லை. இதை யார் பார்ப்பார்கள் என்று கேட்டேன். மீனம்மா பார்ப்பாங்க என்றாள். வாயாடி என்று நினைத்துக்கொண்டேன்.

நடிக்க வைக்கிற விதமும் விசித்திரம். காலை ஆறு மணிக்கு, தோட்டத்து ஆட்கள் வேலைக்குக் கூடுகிற பெரட்டுக்களத்தில் எல்லோரையும் நிறுத்தி, வேலை பிரித்துக் கொடுப்பதுபோல அன்றைய காட்சியைச் சொல்லுவாள். எழுதின பேப்பர் எதையும் அந்தப் பெண்களிடம் காட்டமாட்டாள். இங்கிலீசில் கத்தவும் மாட்டாள். ஆரம்பிக்கும்போது மலைக்குப் போவோம் என்பாள். நிறுத்தும்போது நிறுவை என்பாள். கொழுந்து எடுக்கிறவளுக்கு நிறுவை என்று காதில் விழுந்தால் கை தானாக நின்றுவிடும். நாற்பது வருஷமாகக் கைக்குத் தெரிந்த சொல்லை வைத்தே அந்தக் கையை ஓட்டினாள் அவள்.

என்றாலும் முதல் நாளே கோளாறு வந்தது. நம் தோட்டத்துப் பெண்களுக்குக் கேமராவைக் கண்டால் ஒரு பழக்கம் உண்டு. வெள்ளைக்காரர்கள் வேனை நிறுத்தி இறங்குவார்கள். இவர்கள் உடனே இரண்டு இலையும் ஒரு கொழுந்துமாகக் கிள்ளி, விரலில் பிடித்து, கன்னத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய், தலையைச் சாய்த்துச் சிரிப்பார்கள். யாரும் சொல்லித் தந்ததில்லை, கை தானாகப் போகும். மீனம்மா நிறுவையில் கொழுந்தைக் கொட்டும்போதும் அப்படிச் சிரித்தாள். கங்காணி ஏசும்போதும் சிரித்தாள். கதையில் அவள் புருஷன் காய்ச்சலில் கிடக்கும்போதும், கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு தலையைச் சாய்த்துச் சிரித்தாளாம்.

இதை எனக்குச் சொன்னவன் என் ஆள் அழகன், லொறியோடு அங்கே தங்கியிருந்தவன். தினமும் சாயங்காலம் ஃபோன் எடுப்பான். ஒன்பதாம் நாள் எடுத்தபோது அவன் குரல் வேறுமாதிரி இருந்தது. கேமராவுக்குள் ஒன்றுமே பதியவில்லையாம், ஒன்பது நாளாக வெறும் கேமராதான் ஓடுகிறதாம். கேமராக்காரன் லோஜன் வாய்தவறிச் சொல்லிவிட்டானாம்.

மறுநாள் விடிந்ததும் வேனை எடுத்துக்கொண்டு ஏறினேன். வழியெல்லாம் கணக்குப் பார்த்துக்கொண்டே போனேன். ஒன்பது பதினேழு நூற்று ஐம்பத்து மூன்று. ஒரு லட்சத்து ஐம்பத்து மூவாயிரம் ரூபா என் டீசல் புகையோடு போயிருக்கிறது. வார முடிவில் கையில் வைக்கிறேன் என்றவள் ஒரு பத்து ரூபா வைக்கவில்லை.

கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் என் லைட் ஆறும் எரிந்துகொண்டிருந்தன. ஜீவராணி தரையில் குந்தியிருந்தாள்.

"ஒம்பது நாளா என்ன புள்ள புடிச்ச?"

"ஒண்ணும் புடிக்கலீங்க. கேமராவுக்குள்ள படம் பதியிற காட் இல்ல."

"காட் இல்லாத கேமராவுக்கு என் லைட்டு என்னத்துக்கு?"

"லைட்டுக்கும் பழகணும்ல மொதலாளி. ஒங்க ஜெனரேட்டர் போடுற சத்தத்துக்கும் பழகணும். சிரிச்சு முடியட்டும்னு இருக்கேன்."

நான் ஏசினேன். எப்படி ஏசினேன் என்பதை எழுத முடியாது. அவள் கேமராவைக் காட்டினாள். கொழும்பிலிருந்து வாடகைக்கு வந்த கேமரா, என் வேன் விலை பெறும். அதன் கால்களுக்கு நடுவில் யாரோ ஒருத்தி இடுப்பில் கட்டுகிற நனைந்த படங்குச் சாக்கைக் காயப்போட்டிருந்தாள். மீனம்மாதான். கொடியில் போடுவதுபோல உதறிப் போட்டுவிட்டு, திரும்பியும் பாராமல், அந்தக் கேமராவின் கண்ணுக்கு நேரே நின்று பக்கத்தில் நின்றவளிடம் சீனி விலையைப் பற்றிச் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். சிரிப்பும் இல்லை, சாய்ந்த தலையும் இல்லை. அவளுக்கு அது கேமராவே இல்லை, ஒரு கம்பு.

ஜீவராணி எழுந்து, சட்டைப் பையிலிருந்து ஒரு சின்னக் காட்டை எடுத்து லோஜனிடம் நீட்டினாள். சாக்கை எடுக்காமல் போடச் சொன்னாள்.

அன்று பகல் முழுக்க நான் அங்கேயே நின்றேன். ஹட்டனில் இரண்டு கல்யாண வேலை எனக்காகக் காத்திருந்தது. என்னால் போக முடியவில்லை. சாயங்காலம் அவள் சின்னத் திரையில் எனக்குப் போட்டுக் காட்டினாள். நிறுவைக்காரர் தண்ணிக்கு ரெண்டு கிலோ கழி என்கிறார். மீனம்மா தராசைப் பார்க்கிறாள், அவர் பேனாவைப் பார்க்கிறாள், பிறகு தன் சாக்கின் வாயை மடித்துக் கட்டுகிறாள். அவ்வளவுதான். நாற்பத்தைந்து வருஷமாக நான் லைட் போடுகிறேன். எங்கே போட்டால் எது தெரியும் என்று என்னை விடத் தெரிந்தவன் இந்த மலையில் இல்லை. ஆனால் போட்ட வெளிச்சத்துக்குள் ஒரு மனுஷி தானாக வந்து நிற்கும்வரை, வாடகையை ஏறவிட்டு, கடன் கொடுத்தவனை ஏசவிட்டு, ஒன்பது நாள் காத்திருக்கிற தைரியம் எனக்கு இல்லை. அந்த இடத்தில் ஒத்துக்கொண்டேன், வெளியே சொல்லவில்லை.

ஒத்துக்கொண்டேன் என்பதற்காகக் கடனை விட்டுவிடுகிற ஆள் நான் இல்லை. இருபதாம் நாள் கேமராவைக் கொழும்புக்குத் திருப்பியனுப்பும் நாள், அதுதான் கடைசி நாள். கையில் ஒன்றும் வராவிட்டால் ஜெனரேட்டரை அணைத்து லொறியில் ஏற்றிவிடுவது என்று முடிவோடு நானே ஏறினேன். எனக்கும் தொழில் இருக்கிறது, கொடுக்க வேண்டிய இடம் இருக்கிறது.

போனபோது பகல் இரண்டு மணி. மூடுபனி இறங்கி மலை தெரியவில்லை. மடுவத்துக்குள் கடைசிக் காட்சி நடந்துகொண்டிருந்தது. சம்பள மேசை போட்டு, கணக்கப்பிள்ளையாகக் கொழும்பு நடிகர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். அது பதினோராவது தடவையாம். ஒவ்வொரு தடவையும் மீனம்மா கெடுத்துக்கொண்டிருந்தாள். காசு குறையும் என்று கதை தெரியுமல்லவா, டிவி நாடகத்தில் வருவதுபோல நெஞ்சில் கைவைத்து விம்மினாள். அழக்கூடாது என்று சொன்னால் பழைய சிரிப்பு வந்தது. மேசையில் இருந்த காசும் காசில்லை. மேலே ஒரு நோட்டு, கீழே ஒரு நோட்டு, நடுவில் வெட்டின வெள்ளைப் பேப்பர். நடிகர் அதைச் சீட்டுக்கட்டு போடுவதுபோலப் போட்டார்.

நிறுத்தின நேரம் பார்த்து நான் ஜீவராணியிடம் போனேன். மூன்று லட்சத்து நாற்பதாயிரம், ஏதாவது வை, இல்லையென்றால் இப்போதே அணைக்கிறேன் என்றேன். எல்லோருக்கும் கேட்கும்படிதான் சொன்னேன். நான் ரகசியமாகப் பேசிப் பழகாதவன்.

என்னிடம் ஒன்றுமில்லை என்றாள். அவள் பையில் ஒரு தடித்த கவர் நீட்டிக்கொண்டிருந்தது. அது என்ன என்று கேட்டேன்.

"அது ஒங்க காசு இல்லீங்க மொதலாளி. மீனம்மா சின்னம்மாவோட இருவது பேரு."

மற்றப் பெண்களுக்கு அன்றன்றைய கூலியை அன்றன்றைக்கே சாயங்காலம் கொடுத்துவிடுவாள். மீனம்மா மட்டும், கையில் வந்தால் செலவாகிவிடும், லயத்துக் கூரைக்குத் தகரம் வாங்க வேண்டும், கடைசியில் மொத்தமாகக் கொடு என்று சொல்லியிருந்தாளாம். பேருக்கு இரண்டாயிரம், இருபதுக்கு நாற்பதாயிரம். அதுதான் அந்தக் கவர்.

தகரம் நாளைக்கும் வாங்கலாம், என் டீசல்காரன் நாளைவரை நிற்கமாட்டான் என்றேன். சொல்லிவிட்டுக் கவரை எடுக்கக் கையையும் நீட்டினேன். இதை மறைக்கப்போவதில்லை. நீட்டினேன்.

மீனம்மா எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என் கையை மட்டும் பார்த்தாள்.

ஜீவராணி என்னைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே கொஞ்ச நேரம் நின்றாள். பதினொரு வருஷம் செத்த வீட்டிலும் கல்யாண வீட்டிலும் நின்ற கண் அது. எனக்குத் தெரியாதது ஏதோ அந்தக் கண்ணுக்குத் தெரிந்துவிட்டது. கவரைக் கொண்டுபோய்ச் சம்பள மேசையில் வைத்தாள். நடிகரைக் கொஞ்சம் எழுந்திருக்கச் சொன்னாள்.

"மொதலாளி, நீங்க ஒக்காருங்க. காசு எண்ணத் தெரிஞ்ச ஆளு இங்க நீங்க ஒருத்தர்தான்."

அது உண்மை. அந்த நடிகர் எண்ணினதைப் பார்த்து நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டுதான் இருந்தேன். ஆனால் இப்போது என்ன செய்யச் சொல்கிறாள் என்று விளங்கவில்லை. கேட்டேன்.

"மீனம்மா சின்னம்மாவுக்கு இருவது பேரு. எண்ணிக் குடுங்க. குடுக்கப் பிரியம் இல்லேன்னா எடுத்துப் பையில வச்சிக்குங்க. ரெண்டுல எதச் செஞ்சாலும் லோஜன் புடிப்பாரு."

அப்போதுதான் எனக்குப் பிடிபட்டது. கதையில் ஒருத்திக்குக் காசு குறைகிறது. அது கதை, அதனால் மீனம்மா விம்மினாள், சிரித்தாள். இப்போது மேசையில் கிடப்பது அவள் கூரை. மேசைக்கு இந்தப் பக்கம் உட்காரப்போகிறவன், அதை எடுக்கச் சற்று முன்னால் கை நீட்டினவன். இதை ஜீவராணி ஜோடிக்கவில்லை. நான்தான் லொறியோடு கொண்டுவந்தேன். அவள் செய்ததெல்லாம், கண்ணெதிரே தற்செயலாக வந்து நின்றதை அடையாளம் கண்டு, ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டதுதான். எந்தப் பள்ளிக்கூடத்தில் இதைச் சொல்லித் தருவார்கள்? இதற்காகத் தன் படத்தின் முடிவையே பணயம் வைத்தாள். நான் காசை எடுத்துக்கொண்டு எழுந்திருந்தால், அவள் அந்தப் பெண்ணுக்கு என்ன பதில் சொல்லியிருப்பாள்? கேமரா மறுநாள் கொழும்பில்.

அந்தப் படம் அப்புறம் எங்கெங்கோ போனது, என்னென்னவோ வாங்கியது. ஹட்டனில் மண்டபம் எடுத்துக் காட்டினபோது பதினாறு பெண்களும் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். எனக்குச் சேர வேண்டிய பணத்தையும் ஜீவராணி பழையபடி கல்யாண வீட்டுக்குக் கேமரா தூக்கிப் போய், மாதம் இருபதாயிரம் வீதம் பதினேழு மாதத்தில் கட்டி முடித்தாள். ஒரு மாதம் தவறவில்லை. வட்டி நான் கேட்கவில்லை. கேட்காமல் விட்டது என் வாழ்க்கையிலேயே அந்த ஒரு தடவைதான். இதையெல்லாம் இங்கேயே சொல்லி முடித்துவிடுகிறேன். ஏனென்றால் அன்றைய பகலைத் தாண்டி எனக்கு எழுத வராது.

நாற்காலியில் உட்கார்ந்தேன். என் அம்மாவும் இப்படியொரு மேசைக்கு முன்னால் நின்றவள்தான். கணக்கப்பிள்ளை கொடுத்த காசை அங்கேயே எண்ணிப் பார்ப்பது அந்தக் காலத்தில் மரியாதையில்லை. கையை மூடிக்கொண்டு லயத்துக்குப் போய்த்தான் எண்ண வேண்டும். குறைந்திருந்தால் யாரிடம் கேட்பது? இருபது லட்சத்துக்கு ஒரே தடவையில் செக் எழுதின கை இது. அன்றைக்கு அதைச் சட்டையில் துடைத்துக்கொண்டேன். ஜீவராணி மலைக்குப் போவோம் என்றாள், மெதுவாக. லோஜன் கேமராவுக்குப் பின்னால் குனிந்தான்.

கவரைப் பிரித்தேன். எல்லாம் ஆயிரம் ரூபா நோட்டு. மீனம்மா மேசைக்கு முன்னால் வந்து நின்று வலது கையை விரித்து நீட்டினாள். கொழுந்துக் கறை ஏறின கை. லைட், ஜெனரேட்டர், அத்தனை பேர், எதுவும் அவளுக்கு அங்கே இல்லை. என் விரல் மட்டும் இருந்தது.

ஒன்று என்று வைத்தேன். இரண்டு என்று வைத்தேன். அவள் உதடு என்னோடு சேர்ந்து அசைந்தது, சத்தம் வரவில்லை. பத்து வந்தபோது அவள் கண் கவருக்குப் போய்த் திரும்பியது. பதினெட்டில் நான் விரலை நாக்கில் தொட்டுக்கொள்ள நிறுத்தினேன். அந்த ஒரு நொடியில் அவள் முகம் போன போக்கை என்னால் சொல்ல முடியாது. அவ்வளவுதான், இனி வராது என்று முடிவு கட்டிவிட்ட முகம். கோபம் இல்லை, அழுகை இல்லை. முன்பும் பல தடவை இப்படி நின்றவள் என்பது மட்டும் தெரிந்தது. நாற்பது வருஷத்துச் சம்பள நாள் அத்தனையும் அந்த முகத்தில் வந்து நின்றது. படம் முடிகிறதும் அந்த முகத்தில்தான். ஜீவராணி நிறுவை என்று சொல்லவில்லை. நான் பத்தொன்பதை எடுத்து வைத்தேன்.

இருபத்தேழாவது நோட்டை வைத்ததும் அவள் கையை இழுத்துக்கொண்டாள்.

"ரெண்டு ஒட்டியிருக்குங்க அண்ணே."

பார்த்தேன், ஒட்டித்தான் இருந்தது. ஐம்பது வருஷமாக என் விரலுக்கு ஒரு நோட்டு பிசகினதில்லை. அன்றைக்குப் பிசகியது. கூட ஒரு நோட்டு வந்தாலும் வாங்கிக்கொள்ளமாட்டாள் அந்த மனுஷி. ஒன்றைப் பிரித்து எடுத்தேன், அவள் திரும்பவும் கையை விரித்தாள். இருபத்தெட்டு. இருபத்தொன்பது. வெளியே பனி மடுவத்து வாசல்வரை வந்துவிட்டது. என் ஜெனரேட்டர் சத்தம்கூட எனக்குக் கேட்கவில்லை. முப்பத்தைந்தில் அவள் இடது கையும் வந்து வலது கையைத் தாங்கிக்கொண்டது. முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது. கவருக்குள் கடைசியாகக் கிடந்த நோட்டை எடுத்து, நாற்பது என்று வாய்விட்டுச் சொல்லி, விரிந்திருந்த அவள் உள்ளங்கையில் வைத்தேன்.